ஈசானிய மூலையில் நின்ற பீச் மரம்

போன ஞாயிற்றுக்கிழமை பார்க்கில் நடந்துகொண்டிருந்தபோது உங்களில் சின்னவன் ஒரு மரத்தைக் காட்டி, "இஸ் இட் டெட், அப்பா?" என்று கேட்டான். சுற்றியிருந்த மரமெல்லாம் மொட்டையாக நிற்க, அது மட்டும் காய்ந்த இலைகளோடு நின்றது. நான் வாயைத் திறப்பதற்குள் உங்கள் அக்கா விறுவிறுவென்று நம்மைத் தாண்டி முன்னால் போய்விட்டாள். காரில் ஏறிய பிறகும் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தாள். "வாட்ஸ் ராங் வித் ஹெர்?" என்று உங்களில் பெரியவள் கேட்டாள். நான் ரேடியோவைப் போட்டேன்.

அந்த இரண்டு கேள்விக்கும் சேர்த்து இதை எழுதுகிறேன். எழுத்துக் கூட்டித் தமிழ் படிக்க வந்ததும் படியுங்கள். நான் பத்தாவது முடித்து ஐ.டி.ஐ. போனவன், ஈரோட்டில் விசைத்தறி ஃபிட்டர். எழுதிப் பழக்கமில்லை. நடந்தது நடந்தபடி சொல்கிறேன்.

முதலில் மரத்தைச் சொல்லிவிடுகிறேன். அதன் பெயர் பீச். பட்டை வெடிப்பே இல்லாமல், வழவழவென்று சாம்பல் நிறத்தில், யானையின் கால் மாதிரி இருக்கும். அந்த வழவழப்பைப் பார்த்தால் சிலருக்குக் கை சும்மா இருக்காது, கத்தியை எடுத்துப் பெயரைக் கீறிவிடுவார்கள். அந்தக் கீறல் ஆறாது. மரம் பருக்கப் பருக்க எழுத்தும் பருக்கும். நம் பார்க் மரத்தில் என் தோள் உயரத்தில் யாரோ இரண்டு பேரின் பெயர் உள்ளங்கை அகலத்துக்கு விரிந்து கிடப்பதைப் பார்த்திருப்பீர்கள்.

ஏப்ரல் கடைசியில் மொட்டு உடையும். பூ மொட்டைச் சொல்லவில்லை, இலை மொட்டு. சாக்குத் தைக்கிற கோணி ஊசி மாதிரி நீளமாக, கூராக இருக்கும். குளிர்காலம் முழுக்க இலை அதற்குள்ளேதான் மடிந்து கிடக்கும். வெளியே வரும்போது புடவைக் கொசுவம் போல மடிப்பு மடிப்பாக வரும். ஓரத்தில் பட்டு நூல் மாதிரி வெள்ளை ரோமம். தொட்டால் பிறந்த குழந்தையின் காதைத் தொட்ட மாதிரி இருக்கும். கோடையில் அந்த இலையே தடித்துக் கரும்பச்சை ஆகிவிடும். அடியில் போய் நின்றால் நடுப்பகலிலும் பொழுது சாய்ந்த மாதிரி இருட்டு, புல்கூட முளைக்காது. அக்டோபரில் மஞ்சள். பிறகு புளி போட்டுத் தேய்த்த செம்புக் குடத்தின் நிறம். மற்ற மரமெல்லாம் இலையைக் கொட்டிவிட்டு நிற்கும்போது இது கொட்டாது. செம்பு வெளுத்து வெளுத்து, ஜனவரியில் மளிகைக் கடைப் பொட்டலக் காகிதத்தின் நிறத்துக்கு வந்துவிடும். காற்றடித்தால் ஒரே சரசரப்பு. பனி கொட்டினாலும் விழாது. ஏப்ரலில் புது மொட்டு பருக்கும்போதுதான் பழைய இலை இடத்தைக் காலி பண்ணும்.

இதெல்லாம் இப்போது தெரிந்தது. நாங்கள் அமெரிக்கா வந்த முதல் வருஷம் எனக்கு ஒன்றும் தெரியாது. இதே மாதிரி ஒரு மரம் நின்ற வீட்டுக்காரருக்கும் தெரியாது. வீட்டுக்காரர் யாரென்றால் உங்கள் மாமா, அம்மாவோடு கூடப் பிறந்த அண்ணன்.

அம்மா நர்ஸ் விசாவில் வந்தாள். கூட நானும், ஏழு வயது அக்காவும். நீங்கள் பிறக்கவில்லை. அம்மாவுக்கு ஒரு முதியோர் இல்லத்தில் வேலை. ஆனால் இந்த ஊர் பரீட்சையில் தேறினால்தான் நர்ஸ் லைசன்ஸ், அதுவரை உதவியாள் வேலைதான். தேறாவிட்டால் விசா போய்விடும். எனக்கோ வேலை செய்யவே அனுமதி கிடையாது. அதனால் பரீட்சை முடிவு வரும்வரை எடிசன் என்ற ஊருக்குப் பக்கத்தில் மாமா புதிதாக வாங்கியிருந்த வீட்டின் பேஸ்மென்ட்டில் இருப்பது என்று ஏற்பாடு. வெளியே வாடகைக்குக் கேட்ட இடத்தில் எல்லாம் சம்பளச் சீட்டு எங்கே, லைசன்ஸ் எங்கே என்றார்கள். மாமா வீட்டை விட்டால் ஊருக்குத் திரும்ப ஃப்ளைட் ஏற வேண்டியதுதான். ஊரில் என் வேலையில் வேறு ஆளைப் போட்டுவிட்டார்கள். இதையெல்லாம் அக்கா முன்னால் நாங்கள் பேசியதில்லை. ஆனால் பேஸ்மென்ட் ஒரே அறை. குழந்தைக்குக் காது இருக்கும்.

ஏர்போர்ட்டில் மாமா, "மாப்பிள்ளை, வாங்க வாங்க" என்று என் கையிலிருந்த பெட்டியைப் பிடுங்கித் தூக்கிக்கொண்டார். அது நவம்பர். கிறிஸ்துமஸ் லீவுக்குள் 'மாப்பிள்ளை' போய் 'வாங்க' மட்டும் மிச்சமிருந்தது. பிறகு அதுவும் போய் 'இந்தாங்க' ஆனது. கடைசியில் "ஹலோ" என்றே கூப்பிட ஆரம்பித்தார், ஃபோனை எடுத்த மாதிரி. "ஹலோ, டிரைவ்வேயில பனி அள்ளீட்டீங்களா?" அள்ளினேன். கார்க் கண்ணாடியைச் சுரண்டினேன். பாத்திரம் கழுவினேன். வேலைக்குப் போகாத ஆம்பிளை வேறு என்ன செய்ய?

பாத்திரம் கழுவுகிற ஜன்னலுக்கு நேராகத்தான் அந்த மரம். ஒருநாள் மாமாவின் மனைவி, உங்கள் அத்தை, என் பக்கத்தில் நின்று காப்பி குடித்துக்கொண்டே அதைப் பார்த்தாள்.

"ஏனுங்ணா, அந்த மரத்தைப் பாத்தீங்களா? காஞ்சும் போயிருச்சு, உழுந்தும் தொலைய மாட்டேங்குது."

"ஆமாங்க."

"சிலது அப்படித்தான். புடிச்சா உடாது."

காப்பி டம்ளரை என் கைக்குக் கீழே ஸிங்க்கில் வைத்துவிட்டுப் போனாள். நான் அதையும் கழுவினேன்.

பொங்கல் சமயத்தில் ஒரு சாயங்காலம் மாமா ஈரோட்டு ஜோசியருக்கு ஃபோன் போட்டார். அவருடைய கிரீன் கார்டு வெகு காலமாக இழுத்துக்கொண்டிருந்தது. கூட அப்ளை பண்ணிய ஆட்களுக்கெல்லாம் வந்துவிட்டது. ஸ்பீக்கரில் போட்டுவிட்டு எங்களையும் ஹாலில் உட்காரச் சொன்னார். அங்கே விடியற்காலை, பின்னால் சேவல் கூவுகிற சத்தம் கேட்டது.

"வாசல் எந்தப் பக்கமுங்க?"

"கெழக்குங்க."

"அடுப்பு?"

"தென்கெழக்கு. அதெல்லாம் சரியாத்தான் இருக்குதுங்க."

"ஈசானிய மூலையில என்ன இருக்குது?" ஈசானியம் என்றால் வடகிழக்கு. வீட்டுக்கு நல்லதெல்லாம் அந்த மூலை வழியாகத்தான் வரும் என்பார்கள்.

"ஒரு பெரிய மரமுங்க. பேரு தெரியல. இலையெல்லாம் காஞ்சு கெடக்குது, ஆனா உதிர மாட்டேங்குது."

"பக்கத்து மரமெல்லாம்?"

"அதெல்லாம் மொட்டையா நிக்குதுங்க."

"இருங்க, இருங்க. மொட்டையா நிக்கறது உசுரோட இருக்குது, இலை இருக்கறது செத்துப்போச்சுங்கறீங்களா?"

"இங்க அப்படித்தானுங்க. குளுருக்கு இலையைக் கொட்டீரோணும். கொட்டாம நிக்குதுன்னா நடுவாலயே உசுரு போயிருச்சுன்னு அர்த்தம்." மாமா இன்ஜினியர். எதையும் காரணத்தோடுதான் சொல்வார்.

ஜோசியர் பஞ்சாங்கத்தைப் புரட்டுகிற சத்தம் கேட்டது. சேவல் மறுபடி கூவியது. "பட்ட மரம் ஈசானியத்துல நின்னா வர்ற காயிதம் வாசலோட நின்னுக்கும். எடுத்துருங்க."

எனக்கும் அது சரியென்றுதான் பட்டது. நம்ம ஊரில் வேர் அழுகிய வேப்ப மரம் அப்படித்தான் நிற்கும், இலை உதிரக்கூடத் தெம்பில்லாமல். மரம் வெட்டுகிறவர்கள் பனியெல்லாம் கரையட்டும், ஏப்ரலில் வருகிறோம் என்றார்கள்.

உங்கள் அக்காவின் வகுப்பில் ஆளுக்கு ஒரு மரத்தைத் தேர்ந்தெடுத்து மாதம் ஒரு இலை கொண்டுவந்து சுவரில் ஒட்ட வேண்டும். குளிர்காலத்தில் மற்றப் பிள்ளைகள் எல்லாம் வெறும் குச்சியைக் கொண்டுபோக, இவள் மட்டும் அந்த மரத்தின் இலையைக் கொண்டுபோனாள். செத்த மரம் என்று பிள்ளைகள் கேலி பண்ணியிருக்கிறார்கள். டீச்சர்தான் அது பீச், அப்படித்தான் நிற்கும், நகத்தால் கீறிப் பார் என்று சொல்லி அனுப்பினார். வந்ததும் ஷூவைக்கூடக் கழற்றாமல் என்னை இழுத்துக்கொண்டு போனாள். தாழ்ந்த கிளையில் ஒரு குச்சியை வளைத்து நகத்தால் கீறினாள். உள்ளே, ஊறவைத்த பச்சைப் பயற்றின் தோலை உரித்த மாதிரி, ஈரமாகப் பச்சை.

"ஸீ? ஸீ?" என்று குதித்தாள்.

"மாமாகிட்ட நானே சொல்றேன் கண்ணு. நல்ல நேரம் பாத்துச் சொல்றேன்" என்றேன். அந்த வீட்டில் எனக்கு நல்ல நேரம் வாய்க்கவில்லை.

மார்ச்சில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாமாவின் ஆபீஸ் நண்பர்கள் சாப்பிட வந்தார்கள். அம்மா பரீட்சை எழுதிவிட்டு முடிவுக்குக் காத்திருந்த நேரம். கறிக்குழம்பு பரிமாறிக்கொண்டிருந்தாள். நான் அப்பளம் பொரித்துக்கொண்டிருந்தேன். மாமா ஜோசியர் சொன்னதையும் ஏப்ரலில் மரத்தை எடுக்கப் போவதையும் சொல்லிக்கொண்டிருந்தார். பேஸ்மென்ட் படியில் தட்டோடு உட்கார்ந்திருந்த அக்கா எழுந்து வந்தாள்.

"மாமா, இட்ஸ் நாட் டெட்."

"என்ன கண்ணு?"

"அது பீச் மரம். டீச்சர் சொன்னாங்க. ஸ்ப்ரிங் வந்தாத்தான் இலை விழும். நெகத்துல கீறிப் பாருங்க, பச்சையா இருக்கும். அப்பாகூடப் பாத்தாங்க."

நண்பர்களில் ஒருவர் மதுரைக்காரர், கொஞ்சம் வாய் அதிகம். எச்சில் கையோடு எழுந்து வெளியே போனார். இடது கையில் ஒரு குச்சியை ஒடித்துக்கொண்டு வந்து எல்லோர் முன்னாலும் கீறிக் காட்டினார்.

"அடேய் இன்ஜினியரு! உசுரோட நிக்கிற மரத்துக்குப் பாடை கட்டிட்டியேடா!"

எல்லோரும் சிரித்தார்கள். அவர் விடவில்லை. "இவ்வளவு படிச்சு என்ன பிரயோசனம்? பேஸ்மென்ட்ல இருக்க புள்ளைக்குத் தெரிஞ்சது மேல் மாடியில தூங்குறவனுக்குத் தெரியல. தங்கச்சி, எனக்கு இன்னும் ரெண்டு பீஸு வைங்க."

மாமாவும் சேர்ந்து சிரித்தார். ஆனால் காது மடல் இரண்டும் சிவந்துவிட்டன. அக்கா பெருமையோடு என்னைப் பார்த்தாள். நான் அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டேன். அப்பளம் கருகிவிட்டது.

விருந்தாளிகள் போனதும் மாமா டிவியைப் போட்டுவிட்டு, அதைப் பார்த்துக்கொண்டே அம்மாவிடம் சொன்னார்.

"அம்மிணி, இந்த மாசக் கடைசிக்குள்ள ஒரு எடம் பாத்துக்குங்க."

அம்மா ஈரக் கையோடு நின்றாள். "அண்ணா, ரிசல்ட் வந்துரட்டும்ண்ணா. வந்ததும் போயிர்றோம்."

"உங்க ரிசல்ட் வர்ற வரைக்கும் நான் நாலு பேருகிட்டப் பேச்சு வாங்கோணுமா?"

"குழந்தைண்ணா. தெரியாமப் பேசீட்டா."

"குழந்தையா?" என்றாள் அத்தை. "அடக்கி வளக்கோணும். மானத்தை வாங்கறதுக்கா சோறு போடறோம்?"

மாமா அப்போதுதான் திரும்பி என்னைப் பார்த்தார். "சொல்லிக் குடுத்தது யாருன்னு எனக்குத் தெரியாதா? வேலை வெட்டி இல்லாம வீட்ல இருந்தா இதான்."

"மச்சான், மன்னிச்சுக்குங்க. நான் ஒண்ணும்..."

அவர் டிவியின் சத்தத்தைக் கூட்டினார்.

நாங்கள் கீழே இறங்கப் போனபோது அக்கா பேஸ்மென்ட் படியிலேயே உட்கார்ந்திருந்தாள். எழுந்து வழி விட்டாள். அம்மா முகத்தைத் துடைத்துக்கொண்டதைப் பார்த்தாள்.

மறுநாள் காலை மாமா டை கட்டிக்கொண்டு நின்றபடியே காப்பி குடித்துக்கொண்டிருந்தார். நான் அவருடைய மதியச் சாப்பாட்டைக் கட்டிக்கொண்டிருந்தேன், அம்மா என் பக்கத்தில். வெளிக்கதவைத் திறந்துகொண்டு அக்கா உள்ளே வந்தாள். ஸ்வெட்டர் மட்டும்தான், கோட்டுகூடப் போடவில்லை. ஷூவெல்லாம் சேறு.

"மாமா."

"ம்?"

"நான் மறுபடியும் பாத்தேன். ஐ வாஸ் ராங். இட்ஸ் டெட்."

கையில் ஒரு குச்சி. மாமாவின் முகத்துக்கு நேராக நீட்டி நகத்தால் கீறினாள். உள்ளே பழுப்பு, தூள் தூளாகக் கொட்டியது.

அந்தக் குச்சி பீச் இல்லை. ஜன்னல் வழியாக இத்தனை நாளாக அந்த மரத்தைப் பார்த்துப் பார்த்து எனக்கு மனப்பாடம். பீச் மொட்டு ஊசி மாதிரி, இந்தப் பக்கம் ஒன்று அந்தப் பக்கம் ஒன்றாக மாறி மாறி இருக்கும். இதில் குட்டையாக, எதிரும் புதிருமாக ஜோடி ஜோடியாக இருந்தது. டிரைவ்வேயின் மறு பக்கம் நின்ற மேப்பிள் மரத்திலிருந்து எப்போதோ முறிந்து சேற்றில் விழுந்து கிடந்த குச்சி. அவள் காலையில் எழுந்து அதைத் தேடி எடுத்துக்கொண்டு வந்திருக்கிறாள். நாங்கள் யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. அம்மாவும் பார்த்துவிட்டாள். சமையல் மேடைக்குக் கீழே என் மணிக்கட்டைப் பிடித்த பிடி வலித்தது.

மாமா குச்சியை வாங்கினார். ஒடித்துப் பார்த்தார். மோந்து பார்த்தார்.

"அப்ப நேத்து சொன்னது?"

"தப்பு. சாரி மாமா."

"குட் கேர்ள்." கன்னத்தைத் தட்டினார். "நேத்து வந்தாங்கல்ல அங்கிள் எல்லாம், அவங்க கேட்டாலும் இப்படியே சொல்லோணும். சரியா?"

"ஓகே மாமா."

சாப்பாட்டுப் பையை எடுத்துக்கொண்டு கதவுக்குப் போனவர் அம்மாவிடம் திரும்பி, "சரி, ரிசல்ட் வர்ற வரைக்கும் இருந்துக்குங்க" என்றார்.

சாயங்காலம் ஸ்கூல் பஸ்ஸிலிருந்து அவளை அழைத்து வரும்போது, "ஏஞ்சாமி அப்படிச் சொன்னே?" என்று கேட்டேன்.

"அம்மாவுக்கு ரிசல்ட் வரணுமில்ல?" என்றாள். பிறகு, மதியம் சாப்பாட்டில் எலுமிச்சங்காய் ஊறுகாய் வைக்க வேண்டாம், மற்றப் பிள்ளைகள் மூக்கைப் பிடிக்கிறார்கள் என்றாள்.

ஏப்ரல் நடுவில் ஒரு சனிக்கிழமை மரம் வெட்டுகிற லாரி வந்தது. ஊசி மொட்டெல்லாம் பருத்திருந்த சமயம். பழைய இலை ஒன்றிரண்டாக அதுவாகவே விழ ஆரம்பித்திருந்தது. ரம்பம் பிடித்த ஆள் ஒரு கிளையை இழுத்துப் பார்த்துவிட்டு மாமாவிடம், "யூ ஷ்யூர்?" என்றான். மாமா கட்டை விரலைத் தூக்கிக் காட்டினார். அடிமரத்தில் ரம்பம் ஏறியதும் மிச்சமிருந்த காய்ந்த இலை எல்லாம் ஒரே சமயத்தில் கொட்டியது. அந்த மரம் அப்படிக் கொட்டி நான் பார்த்ததில்லை. தலையிலும் கழுத்திலும் விழுந்தது. அடிக்கட்டை ஈரமாக, வெளிறிப்போய் இருந்தது. அத்தை அதன் மேல் மஞ்சள் தண்ணீர் தெளித்தாள்.

பெரிய துண்டுகளை லாரி எடுத்துக்கொண்டு போனது. கிளைகளை இழுத்து ரோட்டோரம் போடுவது என் வேலை. டவுன் குப்பை வண்டி எப்போது வருகிறதோ அப்போது அள்ளும். அக்கா ஜன்னலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். நான் அவளைப் பார்க்காத மாதிரி இழுத்தேன்.

ஏப்ரல் முடிவதற்குள் ஒருநாள் காலை பஸ்ஸுக்கு நடந்துபோகும்போது அக்கா நின்றுவிட்டாள். ரோட்டோரக் குவியலில் மொட்டு உடைந்திருந்தது. வெட்டுப்பட்ட கிளைகள் தங்களுக்குள் சேர்த்து வைத்திருந்ததைக் கொண்டு இலை விட்டுக்கொண்டிருந்தன. மடிப்பு மடிப்பாக, ஓரத்தில் வெள்ளை ரோமத்தோடு, அத்தனை கிளையிலும். அடுத்தடுத்த நாள் இன்னும் விரிந்தன. தெருவிலேயே அவ்வளவு இளம்பச்சை வேறெங்கும் இல்லை. வீட்டில் யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை. அத்தை தெருப்பக்கத் திரையை மூடியே வைத்திருந்தாள். அக்கா மே மாத இலையை அந்தக் குவியலிலிருந்துதான் பறித்துக்கொண்டு போனாள். வகுப்பில் எல்லாவற்றிலும் அழகு இதுதான் என்று டீச்சர் சொன்னாராம்.

அந்த வாரம் மாமாவுக்கு கிரீன் கார்டு வந்தது. சனிக்கிழமையே பார்ட்டி. மார்ச்சில் வந்த அதே ஆட்கள், குவியலை ஒட்டிக் காரை நிறுத்திவிட்டு, அந்த இலைகளைத் தாண்டித்தான் உள்ளே வந்தார்கள்.

"மரம் போச்சு, கார்டு வந்துச்சு" என்றார் மாமா. "அன்னைக்குச் சிரிச்சீங்களே. அம்மிணி, இங்க வா. மரம் செத்துப்போச்சுன்னு எப்படிக் கண்டுபுடிச்சேன்னு அங்கிளுக்கெல்லாம் சொல்லு."

அக்கா நடுவில் வந்து நின்றாள். பள்ளிக்கூடத்தில் ஒப்பிக்கிற மாதிரி கையைப் பின்னால் கட்டிக்கொண்டாள். "அடுத்த நாள் நான் இன்னொரு குச்சியை ஸ்க்ராட்ச் பண்ணிப் பாத்தேன். இட் வாஸ் பிரௌன். அதனால இட் வாஸ் டெட்."

"அப்படியா?" என்றார் மதுரைக்காரர். "அப்ப ரோட்டோரத்துல தளதளன்னு கெடக்கே, அது யாரு வீட்டுச் செத்த மரம்?"

சிரிப்பு அடங்க நேரமானது. மாமா சிரிக்கவில்லை. கையில் கிளாஸோடு அக்காவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இட் டஸன்ட் நோ இட்ஸ் டெட், அங்கிள்" என்றாள் அக்கா.

அதற்கு இன்னும் பெரிய சிரிப்பு. "வாயாடி! வக்கீலுக்குப் படிக்க வை தங்கச்சி" என்றார் மதுரைக்காரர். யாரோ கை தட்டினார்கள். அக்கா யாரையும் பார்க்கவில்லை. மாமாவின் முகத்தை மட்டும் பார்த்தாள், சரியாகச் சொன்னேனா என்று கேட்கிற மாதிரி. அவர் தலையை ஆட்டியதும் படியில் இறங்கிக் கீழே போய்விட்டாள்.

இரண்டு நாள் வெயிலில் அந்த இலைகள் வதங்கின. ஓரம் சுருண்டு, கறுத்து, அழுகின கீரை வாடை அடிக்க ஆரம்பித்தது. "ஹலோ, அதை ஒரு தார்ப்பாய் போட்டு மூடுங்க" என்றார் மாமா. மூடினேன். வண்டி வந்து அள்ளிப்போனபோது புல்லில் கிளை கிடந்த வடிவத்திலேயே மஞ்சளாக ஒரு தடம் இருந்தது.

அம்மாவுக்கு ரிசல்ட் வந்தது. பாஸ். அவள் சமையலறையில் நின்று அழுதாள், அத்தைகூட வந்து கட்டிக்கொண்டாள். முதியோர் இல்லத்தில் நர்ஸ் வேலை உறுதியானது, ஒரு அபார்ட்மென்ட்டும் கிடைத்தது. ஜூன் மாதம், ஸ்கூல் லீவு விட்டதும் கிளம்பினோம். அம்மாவோடு வேலை பார்க்கிற ஒரு பெண் தன் பழைய காரைக் கொடுத்திருந்தாள். பெட்டிகளை ஏற்றி முடித்ததும் அக்கா தானே போய்ப் பின் சீட்டில் உட்கார்ந்து பெல்ட் போட்டுக்கொண்டாள். அத்தை அம்மாவுக்குக் குங்குமம் வைத்துவிட்டாள். மாமா அன்று நல்ல மனநிலையில் இருந்தார். "மாப்பிள்ளை, போனதும் ஃபோன் பண்ணுங்க" என்றார் என்னைப் பார்த்து. பிறகு பின் ஜன்னலில் இரண்டு கையையும் ஊன்றிக் குனிந்தார்.

"என்ன அம்மிணி, மாமாவுக்கு டாட்டா கிடையாதா?"

அக்கா நேராக முன்னால் பார்த்துக்கொண்டிருந்தாள். "மாமா, அந்த மரம் சாகல."

"ஓ."

"நான் காட்டுனது பீச் இல்ல. மேப்பிள் குச்சி. கீழே கெடந்துச்சு. ஐ லைட், பொய் சொன்னேன்."

நான் ஸ்டியரிங்கைப் பிடித்திருந்தேன். அம்மா திரும்பவில்லை. எத்தனை நாளாக அவள் இதைச் சொல்லக் காத்திருந்தாள், சாவி என் கைக்கு வந்து கார் கிளம்புகிற நேரம் வரை எப்படி அடக்கி வைத்திருந்தாள் என்பதெல்லாம் அந்த நொடியில்தான் எனக்கு உறைத்தது.

மாமாவுக்குக் கோபம் வரவில்லை. வாய் விட்டுச் சிரித்தார்.

"தெரியும் கண்ணு" என்றார். "என் வீட்டு மேப்பிள் குச்சி எனக்குத் தெரியாதா? அன்னைக்கே தெரியும்."

கையை உள்ளே நீட்டி அவள் கன்னத்தைக் கிள்ளினார். அக்கா அசையவில்லை. கண்ணாடியில் அவள் முகத்தைப் பார்த்தேன். தான் செய்தது என்ன, அவர் வாங்கிக்கொண்டது என்ன என்று அவள் ஒவ்வொன்றாகத் திரும்பிப் போய்ப் பார்க்கிற மாதிரி இருந்தது. எல்லாம் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள் போலிருக்கிறது. கதவில் கண்ணாடியை ஏற்றும் கைப்பிடி ஒன்று இருந்தது, பழைய கார். அதைப் பிடித்துச் சுற்ற ஆரம்பித்தாள். மாமாவின் கை இன்னும் ஜன்னல் விளிம்பில் இருந்தது. அவள் நிறுத்தவில்லை.

"ஏய், ஏய், கை, கை!" என்று சிரித்துக்கொண்டே கடைசி நேரத்தில் விரல்களை உருவிக்கொண்டார்.

"போலாம்ப்பா" என்றாள் அக்கா.